பீ (ஆவணப்படம்): ஒரு தெருவைப் பார்த்தல்

'பீ' அமுதன் ஆர்.பி. இயக்கி 2003-இல் வெளிவந்த தமிழ் ஆவணக் குறும்படம். மதுரையில் கோயில் ஒன்றை அடுத்துள்ள தெருவில் மனித மலத்தைக் கையால் அகற்றும் ஒரு பெண் துப்புரவுத் தொழிலாளியை இப்படம் பின்தொடர்கிறது. நீளம் அரை மணி நேரத்துக்கும் குறைவு. பெருநகரத்தின் அன்றாட வாழ்வை உற்றுநோக்கிப் பதிவுசெய்த தமிழ் ஆவணப்படங்களில் முதன்மையாக வைத்துப் பேசத்தக்கது.

கையால் மலம் அள்ளும் தொழில் நடக்கிறது என்பது 2003-இல் யாருக்கும் புதிய செய்தியாக இருக்கவில்லை. மதுரையில் வாழும் எவரும் அத்தகைய தெருக்களைக் கண்டிருப்பர். மூக்கைப் பொத்திக்கொண்டு கடந்திருப்பர். தெரிந்த ஒன்றைப் படமாக்கும்போது அதன் பயன் என்ன என்ற கேள்வி எழுகிறது. தெரிந்துகொள்வதற்கும் பார்ப்பதற்கும் இடையிலுள்ள தூரத்தைக் காட்டுவதே இப்படத்தின் பயன். கடந்துபோகச் சில நொடிகளே எடுக்கும் தெருவில் பார்வையாளரை இருபது நிமிடங்களுக்கு மேல் நிற்கவைக்கிறது. படத்தின் வலிமையும் அதன் எல்லைகளும் இந்த ஒரு முடிவிலிருந்தே பிறக்கின்றன.

இயக்குநரும் காலமும்

அமுதன் மதுரையை மையமாகக் கொண்டு 'மறுபக்கம்' என்ற ஊடகச் செயல்பாட்டு அமைப்பின் வழியே இயங்கியவர். 1998-இல் தொடங்கிய மதுரை சர்வதேச ஆவணப்பட, குறும்பட விழாவின் ஒருங்கிணைப்பாளர். 'பீ'யைத் தொடர்ந்து மயானத் தொழிலாளியைப் பற்றிய 'மயானக் குறிப்புகள்' (2005), திருச்சியில் காலணி தைக்கும் தலித் கிறித்தவர்களைப் பற்றிய 'செருப்பு' (2006) ஆகியவற்றை எடுத்தார். மூன்றும் சாதி எந்தத் தொழிலை யாருடைய கையில் கொடுத்திருக்கிறது என்பதைத் தொழிலின் அருகிலிருந்தே பார்ப்பவை.

1948-இல் தொடங்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன், திரையரங்குகளில் முதன்மைப் படத்துக்கு முன்னர் காட்டிய செய்திப் படங்களின் வழியாகவே 'ஆவணப்படம்' என்ற வடிவம் பெரும்பாலான இந்தியர்களுக்கு அறிமுகமாயிற்று. கனத்த குரலில் ஒருவர் விளக்கம் சொல்ல, காட்சிகள் அதற்குச் சான்றாக வந்துபோகும் முறை அது. 2000-க்குப் பிறகு கையடக்க டிஜிட்டல் கேமராக்கள் பரவலானதும் நிலைமை மாறியது. ஃபிலிம் சுருளின் செலவில்லாமல், பெரிய குழுவும் விளக்குகளும் இல்லாமல், ஓர் ஆள் ஒரு தெருவில் இறங்கி நீண்ட நேரம் படமெடுக்க முடிந்தது. 'பீ' போன்ற படம் சாத்தியமானதில் இந்த மாற்றத்துக்கும் பங்குண்டு. சுருளின் ஒவ்வோர் அடிக்கும் கணக்குப் பார்க்க வேண்டிய காலத்தில், பெருக்குவதைப் பெருக்கி முடிக்கும்வரை எடுப்பது ஊதாரித்தனமாகத் தோன்றியிருக்கும்.

இதே ஆண்டுகளில் தமிழ் வணிகத் திரைப்படமும் மதுரையை நோக்கித் திரும்பியது. 'விருமாண்டி', 'கில்லி', 'காதல்' மூன்றும் 2004-இல் வெளிவந்தன. 2008-இல் 'சுப்பிரமணியபுரம்' வந்தது. கோபுரம், மாசி வீதிகள், மார்க்கெட், வீச்சரிவாள் எனத் திரையில் ஒரு மதுரை உருவானது. அந்த மதுரையின் சட்டகத்துக்குள் வராத தெருவில் 'பீ' நிற்கிறது. அங்கும் பின்னணியில் கோயில் உண்டு. கோயிலை அடுத்த இடத்தைத் துடைப்பவரே படத்தின் மையம்.

தலைப்பு

படத்தின் பெயரே அதன் முதல் விமர்சன நிலைப்பாடு. அவையில் சொல்லத் தகாத சொற்களை மறைத்துச் சொல்வதைத் தமிழ் இலக்கணம் 'இடக்கரடக்கல்' என்று வகுத்துள்ளது. மலம் கழித்து வருவதைக் 'கால் கழுவி வருதல்' என்பது இதற்குப் பாடப்புத்தகங்கள் தரும் எடுத்துக்காட்டு.

தொல்காப்பியத்தில் இதற்குச் சுவையான சான்று ஒன்று உண்டு. 'ஆ' என்ற சொல்லுடன் 'பீ' சேரும்போது அது 'ஆப்பி' என்று குறுகும் என்பதை எழுத்ததிகாரம் விதிக்கிறது. ஆப்பி என்பது பசுவின் சாணம். ஆனால் அந்தச் சூத்திரம் 'பீ' என்ற சொல்லை நேரே ஆளாமல், ஈகாரத்தோடு கூடிய பகரம் என்று எழுத்தின் பெயரால் சுட்டிச் செல்கிறது. இலக்கணம் சொல்லும் இடத்திலும் அச்சொல் நாவில் வரவில்லை. இன்னொன்றும் கவனிக்கத்தக்கது: ஆப்பி வாசலில் தெளிக்கப்படும் மங்கலப் பொருளாயிற்று, மனிதனுடையது சொல்லாகவும் விலக்கப்பட்டது.

அரசு ஆவணங்கள் 'மனிதக் கழிவு' என்கின்றன. நாளிதழ்கள் 'துப்புரவுப் பணி' என்கின்றன. இச்சொற்கள் மரியாதைக்காகப் பயன்படுத்தப்படுவதாகத் தோன்றினாலும், அவற்றால் காப்பாற்றப்படுவது பேசுபவரின் வாய்தான். அள்ளுபவரின் கை அல்ல. அவர் கையில் வருவதற்கு இடக்கரடக்கல் கிடையாது. தலைப்பைச் சொல்லவே ஒருவர் தயங்கினால், அந்தத் தயக்கத்தின் வழியாகவே அவர் படத்துக்குள் நுழைந்துவிடுகிறார்.

நேரம் என்னும் உத்தி

மலம் அள்ளும் தொழிலின் முறை எளிமையானது. சாம்பலோ பிளீச்சிங் பவுடரோ தூவி, துடைப்பத்தால் கூட்டி, தகரத்தில் அள்ளி, வாளியிலோ வண்டியிலோ கொட்டி, மீண்டும் அடுத்த இடத்துக்குப் போவது. எழுத்தில் இது ஒரு வாக்கியம். செய்திப் படத்தில் ஐந்து நொடிக் காட்சி. ஒரு துடைப்பம், ஒரு குனிந்த முதுகு, அதன் மேல் ஒரு புள்ளிவிவரம் என்று முடிந்துவிடும். பார்வையாளர் அதைப் புரிந்துகொண்டு நகர்ந்துவிடுவார்.

'பீ'யில் அந்த வாக்கியம் நீள்கிறது. ஒரே வேலை திரும்பத் திரும்ப நடக்கிறது. திரும்பச் செய்யும் வேலையைச் சுருக்காமல் காட்டும்போது பார்வையாளரிடம் சில மாற்றங்கள் நிகழ்கின்றன. முதலில் வருவது அருவருப்பு. பார்வை திரையின் ஓரத்துக்கு நகர்கிறது. சில நிமிடங்களில் கண் பழகத் தொடங்குகிறது. அப்போது அந்தப் பெண்ணின் கையசைவும் குனிந்து நிமிரும் விதமும் வேலையின் ஒழுங்கும் தெரியத் தொடங்குகின்றன. மலத்தைப் பார்த்துக்கொண்டிருந்த கண் வேலையைப் பார்க்கிறது. இந்த இடமாற்றம் நிகழ நேரம் வேண்டும். இருபது நிமிடம் இங்கே அலங்காரமல்ல. அதுவே படத்தின் வாதம்.

பழகிய கண் உடனே இன்னொரு கேள்வியைச் சந்திக்க நேர்கிறது. இருபது நிமிடத்தில் தனக்கே பழகிவிட்டதென்றால், ஆண்டுக்கணக்கில் நாள்தோறும் அங்கே நிற்பவருக்கு எப்படிப் பழகியிருக்கும்? 'அவர்களுக்குப் பழகிவிட்டது' என்பது இத்தொழிலைப் பற்றிப் பொதுவாகச் சொல்லப்படும் சமாதானம். பழக்கம் என்பது எவ்வளவு கொடுமையான சொல் என்பதைப் படம் விளக்கிச் சொல்லாமல் பார்வையாளரின் உடலிலேயே நடத்திக் காட்டுகிறது. திரைக்கு வாசனை இல்லை என்பதும் இங்கே நினைவுக்கு வரும். பார்வையாளர் சகித்துக்கொண்டது உண்மையின் ஒரு பகுதியை மட்டுமே.

பேசும் தொழிலாளி

உற்றுநோக்கல் ஆவணப்படத்தின் கறாரான வடிவம், படமெடுப்பவர் சுவரில் உட்கார்ந்த ஈயைப் போல இருக்க வேண்டும் என்று கேட்கும். 1960-களில் அமெரிக்காவில் ராபர்ட் ட்ரூவும் பின்னர் ஃபிரெடரிக் வைஸ்மனும் வளர்த்த முறை இது: கேள்வி கேட்பதில்லை, விளக்குவதில்லை. அதே காலத்தில் பிரான்சில் ஜான் ரூஷ் வேறு வழியில் சென்றார். கேமரா அங்கே இருக்கிறது என்பதை மறைக்காமல், அது தூண்டும் பேச்சையும் படத்தின் பகுதியாக்கினார்.

'பீ' இரண்டுக்கும் நடுவில் நிற்கிறது. கேமரா பொறுமையாகப் பின்தொடர்கிறது. அதேநேரம் அந்தப் பெண் வேலையினூடே கேமரா வைத்திருப்பவரிடம் பேசுகிறார். தன் வேலையைப் பற்றியும் தன் வாழ்க்கையைப் பற்றியும் மதுரைப் பேச்சுத்தமிழில் அவர் சொல்வது, நாற்காலியில் உட்காரவைத்து எடுக்கப்படும் பேட்டியிலிருந்து வேறுபட்டது. பேட்டியில் ஒருவர் தன் துன்பத்தின் பிரதிநிதியாக அமர்த்தப்படுகிறார். இங்கே கை ஒரு வேலையைச் செய்துகொண்டிருக்க, வாய் இன்னொன்றைச் சொல்கிறது. பேச்சு வேலையை நிறுத்துவதில்லை. வேலையும் பேச்சை அடக்குவதில்லை.

இதனால் அவர் காட்சிப் பொருளாகக் குறுகுவதிலிருந்து ஓரளவு தப்புகிறார். ஒரு மனிதரின் மிக இழிவான வேலையைப் படமெடுக்கும் எந்தக் கேமராவும், அவரை அந்த இழிவுக்குள்ளேயே நிரந்தரமாக நிறுத்திவிடும் ஆபத்து கொண்டது. பேச்சில்லாத தூய உற்றுநோக்கலாக இது எடுக்கப்பட்டிருந்தால் அந்த ஆபத்து கூடியிருக்கும். இங்கே பார்க்கப்படுபவர் திரும்பிப் பார்க்கிறார். தன்னைப் பற்றிச் சொல்ல வேண்டியதைத் தானே சொல்கிறார்.

நகரப் படங்களின் வரிசையில்

நகரத்தின் ஒரு நாளைப் படமாக்கும் மரபு 1920-களில் ஐரோப்பாவில் வலுப்பெற்றது. வால்டர் ருட்மனின் 'பெர்லின்: ஒரு மாநகரின் சிம்பொனி' (1927) விடியலில் தொடங்கி நள்ளிரவில் முடிகிறது. ஜிகா வெர்தோவின் 'கேமராவுடன் ஒரு மனிதன்' (1929) படத்தில் முகம் கழுவும் பெண்ணும் நீர் பீய்ச்சிக் கழுவப்படும் தெருவும் அடுத்தடுத்து வெட்டப்பட்டு வருகின்றன. நகரம் ஓர் உடல், அது காலையில் தன்னைக் கழுவிக்கொள்கிறது என்பது அந்தப் படத்தொகுப்பின் பொருள். அழகான கருத்து. ஆனால் அதில் கழுவுபவர் தாளத்தின் ஒரு மாத்திரை, வந்து போய்விடுகிறார். 'பீ' அந்த ஒரு மாத்திரையை நிறுத்தி, அதையே முழுப் படமாக்குகிறது. நகரம் தன்னைத் தானே கழுவிக்கொள்வதில்லை, அதை ஒருவர் கழுவுகிறார் என்று அது திருத்திச் சொல்கிறது.

மதுரைக்கு இதைவிடப் பழைய நகரப் பதிவு ஒன்று உண்டு. மாங்குடி மருதனார் பாடிய மதுரைக்காஞ்சி, பத்துப்பாட்டில் மிக நீண்டது; 782 அடிகள். நாளங்காடி, அல்லங்காடி, யாமந்தோறும் மாறும் நகரின் முகம், காவலர், கள்வர் என ஒரு பகலையும் இரவையும் அது தொடர்கிறது. விடியலில் அங்கேயும் பெருக்கும் காட்சி வருகிறது. ஊடலில் மகளிர் அறுத்தெறிந்த ஆரத்தின் முத்துகளும் அணிகலன்களும் மணல் பரப்பிய முற்றத்தில் கிடக்க, வாடிய பூக்களோடு அவற்றைச் சேர்த்துக் கூட்டுகிறார்கள், வண்டுகள் மொய்க்கின்றன. ஒரே நகரம், ஒரே துடைப்பம். புலவர் கண்டது செல்வர் மனையின் முற்றம். அமுதன் கண்டது அந்த முற்றத்துக்கு வெளியே உள்ள தெரு. இரண்டிலும் கூட்டப்படுவது பிறர் விட்டுச்சென்றதே. கூட்டுபவர் யார் என்று பாட்டு நின்று கேட்கவில்லை. படம் அதை மட்டுமே கேட்கிறது.

யாருடைய செயல் பதிவுக்கு உரியது என்ற இந்தக் கேள்விக்குத் தமிழகத்தின் வடபகுதியிலிருந்து ஓர் ஒப்புமை தரலாம். சவ்வாது மலையடிவாரத்துச் செங்கம், பத்துப்பாட்டின் மற்றொரு பாட்டான மலைபடுகடாமின் தலைவன் நன்னனுடைய ஊர். அந்த வட்டாரம் பல்லவர் கால நடுகற்களுக்குப் புகழ்பெற்றது. அங்குள்ள எடுத்தனூர் நடுகல்லில் வீரனுடன் அவன் நாயும் செதுக்கப்பட்டுள்ளது. கள்ளரை எதிர்த்த அந்த நாயின் பெயர் கோவிவன் என்பதையும் கல்வெட்டு தருகிறது. ஏழாம் நூற்றாண்டுச் சிற்றூர் ஒரு நாயின் பணியைப் பெயரிட்டுக் கல்லில் வைத்தது. அவ்வளவு நுணுக்கமாகப் பதிந்த சமூகத்தில், நாள்தோறும் தெருவைச் சுத்தமாக்கிய கைகளுக்குக் கல் நடப்படவில்லை. போரில் இறப்பது செயல், பெருக்குவது கடமை. ஆவணப்படம் என்னும் வடிவம் அந்த வரிசையைக் கலைக்க வல்லது என்பதற்கு 'பீ' ஓர் எடுத்துக்காட்டு.

சட்டம் பார்த்த இடமும் படம் பார்த்த இடமும்

கையால் மலம் அள்ளுவோரை வேலைக்கமர்த்துவதையும் உலர் கழிப்பிடங்கள் கட்டுவதையும் தடைசெய்யும் நடுவணரசுச் சட்டம் 1993-இல் இயற்றப்பட்டது. அது முதலில் ஆந்திரப் பிரதேசம், கோவா, கர்நாடகம், மகாராஷ்டிரம், திரிபுரா, மேற்கு வங்கம் ஆகிய ஆறு மாநிலங்களுக்கும் யூனியன் பிரதேசங்களுக்கும் மட்டுமே பொருந்தியது. தமிழ்நாடு உள்ளிட்ட பிற மாநிலங்கள் தீர்மானம் நிறைவேற்றி ஏற்க வேண்டியிருந்தது. சட்டத்தின் கவனம் உலர் கழிப்பிடத்தின் மேல் குவிந்திருந்தது. உலர் கழிப்பிடம் இல்லையென்றால் மலம் அள்ளுவோரும் இல்லை என்று நிர்வாகம் சொல்லிக்கொள்ள அது வழிவிட்டது.

'பீ' காட்டுவது கழிப்பிடத்தை அல்ல, தெருவை. கழிப்பிடம் இல்லாததாலேயே தெரு கழிப்பிடமாகிறது. அதைச் சுத்தம் செய்வது வெறும் 'தெருக்கூட்டுதல்' என்று பதிவாகிறது. பெயர் மாறியதால் தொழில் மறைந்துபோகிறது. படம் வெளிவந்த 2003-ஆம் ஆண்டில்தான் சஃபாய் கர்மசாரி ஆந்தோலன் அமைப்பு இத்தொழில் தொடர்வதை எதிர்த்து உச்ச நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தது. பத்தாண்டுகள் கழித்து இயற்றப்பட்ட 2013-ஆம் ஆண்டுச் சட்டம் வரையறையை விரித்தது. சுகாதாரமற்ற கழிப்பிடங்களுடன் திறந்த சாக்கடை, குழி, ரயில் பாதை, அரசு அறிவிக்கும் பிற இடங்கள் ஆகியவையும் சேர்ந்தன. ஆயினும் அரசு அறிவிக்கும் கருவிகளோடும் பாதுகாப்பு உடையோடும் சுத்தம் செய்பவர் 'மலம் அள்ளுபவர்' ஆகமாட்டார் என்ற விளக்கத்தையும் அதே சட்டம் சேர்த்துக்கொண்டது.

2014 மார்ச் 27-இல் உச்ச நீதிமன்றம் அந்த வழக்கில் தீர்ப்பளித்து, 1993 முதல் சாக்கடையில் இறந்தோர் குடும்பங்களுக்கு ரூ. 10 லட்சம் இழப்பீடு வழங்க ஆணையிட்டது. 2023 அக்டோபரில் வேறொரு வழக்கில் அத்தொகை ரூ. 30 லட்சமாக உயர்த்தப்பட்டது. இழப்பீடு இறப்புக்குக் கிடைக்கிறது. இறக்காமல் நாள்தோறும் செய்யும் வேலைக்கு இத்தகைய கவனம் கிடைப்பதில்லை. மரணம் நிகழாத சாதாரண நாளைப் படமாக எடுத்ததே 'பீ'யின் தனித்துவம். செய்தியாகும் தகுதி அந்த நாளுக்கு இல்லை என்பதால்தான் அதைப் படமெடுக்க வேண்டியிருந்தது.

எல்லைகள்

ஒரு தெரு, ஒரு தொழிலாளி என்ற தேர்வு படத்துக்கு வலிமை தந்தது போலவே அதன் எல்லையையும் வரைந்தது. தெருவைப் பயன்படுத்துபவர்களின் வீட்டில் கழிப்பிடம் ஏன் இல்லை, யார் கட்டித்தர வேண்டும், இந்த வேலை ஏன் பெரும்பாலும் அருந்ததியர் போன்ற சில சமூகங்களின் தலையிலேயே விழுகிறது என்பனவற்றுக்கு ஒரு தெருவுக்குள் நின்று முழு விடை காண முடியாது. உற்றுநோக்கும் கேமரா கண்முன் நடப்பதைக் காட்டும். கண்முன் இல்லாத ஆணையையும் நிதி ஒதுக்கீட்டையும் சாதியின் வரலாற்றையும் காட்ட அதற்கு வேறு துணை வேண்டும். அருவருப்பு இரக்கமாகி, இரக்கம் அந்த ஒரு பெண்ணோடு நின்றுவிடும் வாய்ப்பும் உண்டு.

இந்த எல்லையை அமுதன் உணர்ந்திருந்தார் என்பதற்கு அவரது மற்றொரு படம் சான்று. 'வந்தே மாதரம்: எ ஷிட் வெர்ஷன்' சில நிமிடங்களே ஓடுவது. ஏ.ஆர். ரஹ்மானின் புகழ்பெற்ற 'வந்தே மாதரம்' பாடலின் மேல் மலம் அள்ளும் காட்சிகளை அது வைக்கிறது. பொறுமைக்குப் பதில் மோதல், உற்றுநோக்கலுக்குப் பதில் எள்ளல். தேசத்தை நேரடியாகக் கேள்வி கேட்கும் வேலையை இப்படம் எடுத்துக்கொண்டது. ஆனால் இதில் தொழிலாளி மீண்டும் ஓர் உருவகமாகச் சுருங்குகிறார்.

திவ்யபாரதியின் 'கக்கூஸ்' (2017) மூன்றாவது வழியைக் காட்டுகிறது. மதுரையில் நிகழ்ந்த தொழிலாளர் மரணங்களின் தூண்டுதலில் உருவான இந்த நீண்ட படம், தமிழகத்தின் பல ஊர்களிலிருந்து சாட்சியங்களைத் திரட்டி அடுக்குகிறது. திரையிடல்களுக்குக் காவல்துறையின் தடைகள் வந்தபின் யூடியூப் வழியாகப் பரவியது. 'பீ' ஒருவரிடம் நின்று ஆழம் தேடியது. 'கக்கூஸ்' பலரிடம் சென்று பரப்பைக் காட்டியது. ஒரு தெருவைப் பார்த்து 'அது அந்த ஊரில், அந்த இடத்தில்' என்று தப்பிக்க நினைப்பவருக்குக் 'கக்கூஸ்' பதில். எண்ணிக்கையைக் கேட்டு மரத்துப்போனவருக்குப் 'பீ' பதில். இரண்டையும் அடுத்தடுத்துப் பார்க்கும் மாணவர்களுக்கு, ஒரே பொருளை எடுக்கும் வடிவம் மாறும்போது எது தெரிகிறது, எது மறைகிறது என்பது விளங்கும்.

மதிப்பீடு

'பீ' ஒரு தொழில்நுட்பச் சாதனை அல்ல. காட்சி அழகை அது நாடவும் இல்லை. எங்கே கேமராவை வைப்பது, எவ்வளவு நேரம் வைப்பது என்ற இரண்டு கேள்விகளுக்கு நேர்மையாக விடை தேடியது. குறும்படம், ஆவணப்படம் எடுக்கப் பழகுவோர் இதிலிருந்து கற்க வேண்டியது இந்த இரண்டையும்தான்: வேலையைக் காட்டினால் வேலை முடியும்வரை காட்டுவது, பார்க்கப்படுபவருக்குப் பேசவும் இடம் தருவது.

படம் வெளிவந்து இருபது ஆண்டுகளுக்கு மேலாகிறது. சட்டம் மாறியது, வரையறை விரிந்தது, துப்புரவுத் தொழிலாளர் என்ற சொல்லும் அரசுத் தாள்களில் தூய்மைப் பணியாளர் என்று மாறியது. நகரங்கள் இன்னும் விடியலில் கூட்டப்படுகின்றன. கூட்டுபவரைக் கடந்துபோகும் நொடிகளில் கண் எங்கே திரும்புகிறது என்பதை ஒருமுறை கவனித்தவர், இப்படத்தின் தேவை தீர்ந்துவிட்டதா என்பதைத் தாமே முடிவு செய்துகொள்ளலாம்.